வயது போனால் அப்படித்தானா?

நம் நாட்டு இல்லங்களிலே அடிக்கடி வழங்கும் வாக்கியம் ஒன்றுண்டு. பாட்டனார் இரவில் உறங்குவதில்லை. "வயது போனால் அப்படித்தான்" என்கிறோம். பாட்டியார் முன்போல் எவரோடும் கலந்து பேசுவதில்லை. "வயது போனால் அப்படித்தான்" என்கிறோம். உணவில் விருப்பமின்மை, எடுத்ததற்கெல்லாம் சினம், காரணமின்றிக் கண்ணீர், வைத்த பொருளை மறந்து தேடுதல் ஆகிய எல்லாவற்றுக்கும் இந்த ஒரே விடைதான். கேட்போருக்கு அது பொறுமையின் மொழிபோலத் தோன்றும். ஆனால் அவ்வாக்கியத்தைச் சொல்லிவிட்டால் மேற்கொண்டு எதையும் ஆராய வேண்டியதில்லை. வைத்தியரிடம் அழைத்துச் செல்ல வேண்டியதில்லை. அருகே அமர்ந்து கேட்க வேண்டியதுமில்லை. வசதியான வாக்கியமன்றோ!

இதே முதியவருக்குக் கண்ணிலே புரை படர்ந்தால் நாம் அவ்வாறு சொல்லிவிட்டு வாளாவிருப்பதில்லை. சத்திரசிகிச்சைக்கு நாள் குறிக்கிறோம். நீரிழிவென்றால் மாதந்தோறும் கிளினிக்குக்கு அழைத்துச் செல்கிறோம். முழங்கால் நொந்தால் எண்ணெய் காய்ச்சுகிறோம். உடம்பின் முதுமைக்குப் பரிகாரம் உண்டென்று நம்பும் நாம், உள்ளத்தின் துன்பத்தை மட்டும் முதுமையின் இயல்பென்று ஒதுக்கிவிடுவது ஏன்? இவ்வாரம் நாம் சொல்லவிருப்பது இதுதான்: முதுமை ஒரு நோயன்று, முதுமையிலே வரும் மனநோயை முதுமையென்று பெயரிட்டு மறைப்பதும் நியாயமன்று.

எத்தனை பேருக்கு?

2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி இலங்கை மக்களுள் 65 வயதும் அதற்கு மேற்பட்டோரும் 100க்கு 7.9 பேர். 2024ஆம் ஆண்டு மதிப்பீட்டில் அத்தொகை 12.6 ஆக உயர்ந்துவிட்டது. பன்னிரண்டே ஆண்டுகளில் இத்துணை வளர்ச்சி. உலகெங்கும் 60 வயதைக் கடந்தோருள் ஏறத்தாழ எழுவரில் ஒருவர் ஏதேனுமொரு மனநோயுடன் வாழ்கின்றனர் என்பது உலக சுகாதார நிறுவனம் கூறும் கணக்கு. அவற்றுள் மிகுதியாகக் காணப்படுவன மனச்சோர்வும் பதகளிப்புமாம்.

நம் மக்களுக்கோ முதுமையின் பொதுச் சுமைகளுக்கு மேலே வேறு சுமைகளும் உண்டு. 1983இன் பின் பிள்ளைகள் கடல் கடந்தனர். 1990இல் வலிகாமம் வடக்கை விட்டுப் பெயர்ந்தோர் பலர், இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாகத் தம் கிணற்றடியைக் காணாதிருந்தனர். 1995 ஒக்டோபரில் யாழ்ப்பாணமே இரவோடிரவாக நடந்தது. 2009இல் வன்னியில் பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார் இன்று எழுபதைத் தாண்டி நிற்கின்றனர். அன்று அழுவதற்கு நேரமில்லாதிருந்தவர்களுக்கு இன்று வேறு வேலையில்லை. நேரமே மிஞ்சிக் கிடக்கின்றது. நடுவயதில் அடக்கிவைத்த துயரம், வேலை ஓய்ந்து வீடு வெறிச்சோடிய காலத்திலே தலைதூக்குவது வியப்பன்று.

ஒரே தோற்றம், மூன்று நோய்கள்

முதியவர் ஒருவர் முன்போலில்லை என்று தோன்றும்போது நாம் முதலில் அறிந்துகொள்ள வேண்டியது, அம்மாற்றத்தின் பின்னே வெவ்வேறான மூன்று நோய்கள் இருக்கலாம் என்பது. ஒன்று மனச்சோர்வு, மற்றொன்று திடீர்ச் சித்தக்குழப்பம், மூன்றாவது முதுமை மறதிநோய். நம் ஊர்வழக்கில் இம்மூன்றையும் "அறளை பெயர்ந்துவிட்டது" என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடுகின்றனர். மூன்றுக்கும் பரிகாரம் வெவ்வேறாதலின் இவற்றைப் பிரித்தறிதல் இன்றியமையாதது.

மனச்சோர்வு: இளைஞன் மனம் சோர்ந்தால் சோகமாயிருக்கிறேன் என்பான். முதியவர் பெரும்பாலும் அவ்வாறு சொல்வதில்லை. அவர் உடம்பைச் சொல்வார். "நாரி உளையுது", "உடம்பெல்லாம் எரியுது", "நெஞ்சுக்குள்ளே ஏதோ அடைக்குது" என்பார். வைத்தியர் சோதித்துப் பார்த்தால் குற்றமொன்றும் தெரியாது. வீட்டாரோ "எல்லாம் நடிப்பு" என்று சலித்துக்கொள்வர். நடிப்பன்று, உள்ளத்தின் வலியை உடம்பின் மொழியிலே சொல்கிறார். விடியற்காலை இரண்டு மூன்று மணிக்கே விழித்து, பொழுது புலரும்வரை கூரையைப் பார்த்துக்கொண்டு கிடத்தல். நாள்தோறும் வரிவிடாது வாசித்த பத்திரிகையைக் கையால் தொடாதிருத்தல். வாழைக்குத் தண்ணீர் விடுவதை நிறுத்துதல். வேட்டி மாற்றச் சோம்புதல். "நான் உங்களுக்கெல்லாம் பாரம்" என்று மீண்டும் மீண்டும் சொல்லுதல். உடம்பு மெலிதல் என்பன இதன் அடையாளங்கள். இத்தகைய மாற்றம் இரண்டு வாரங்களுக்கு மேல் நாள்தோறும் நீடித்தால் வைத்தியரை நாட வேண்டும்.

மனச்சோர்வு உற்றவருக்கு ஞாபகமும் குன்றும். அதனால் மறதிநோயென்று மயங்குதல் எளிது. வேறுபாடு காண ஒரு குறிப்பைக் கூறலாம். மனஞ்சோர்ந்தவர் "எனக்கு ஒன்றும் ஞாபகமில்லை" என்று தாமே முறையிடுவார். மறதிநோய் உற்றவரோ பெரும்பாலும் தமக்கு ஒரு குறையுமில்லை என்பார், முறையிடுபவர் வீட்டாராயிருப்பர். இஃது எல்லாருக்கும் பொருந்தும் விதியன்று. ஆயினும் வைத்தியருக்குச் சொல்லவேண்டிய செய்தி.

திடீர்ச் சித்தக்குழப்பம்: நேற்றுவரை நன்றாகப் பேசியிருந்த ஆச்சி இன்று மாலை மகளை அடையாளம் காணவில்லை, சுவரிலே பூச்சி ஊர்கிறது என்கிறார், சிறிது நேரம் தெளிகிறார், மீண்டும் பிதற்றுகிறார். இவ்வாறு சில மணி நேரத்திலோ சில நாளிலோ நேரும் மாற்றம் மறதிநோயன்று. சிறுநீர்த் தொற்று, நெஞ்சுச் சளி, உடம்பில் நீர் வற்றுதல், குருதியில் உப்புக் குறைதல், கடும் மலச்சிக்கல், விழுந்து தலையில் அடிபடுதல், புதிதாகத் தொடங்கிய ஒரு மாத்திரை என ஏதேனுமொன்று உள்ளே இருந்துகொண்டு மூளையைக் கலக்குகின்றது. தடிமனுக்கும் சொறிக்கும் நாம் எளிதாக வாங்கிக் கொடுக்கும் சில மாத்திரைகளுங்கூட முதியவரின் சித்தத்தைக் கலக்கவல்லன. பார்வை பார்ப்பித்து நூல் கட்டிக் காத்திருக்கும் வேளையன்று இது. அன்றைக்கே வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்ல வேண்டும். போகும்போது அவர் உட்கொள்ளும் மருந்துகள் அனைத்தையும் ஒரு பையிலிட்டு எடுத்துச் செல்லுதல் வேண்டும். காரணத்தைக் கண்டு நீக்கினால் பலர் தெளிந்து எழுவர்; காலந்தாழ்த்தினால் உயிருக்கே ஆபத்து.

முதுமை மறதிநோய்: இது மாதக்கணக்கிலும் ஆண்டுக்கணக்கிலும் மெல்ல மெல்ல வருவது. அலொயிஸ் அல்சைமர் என்னும் ஜேர்மனிய வைத்தியர் 1906ஆம் ஆண்டில் முதன்முதல் விரித்துரைத்த நோயே இவ்வகையிற் பெரும்பங்கு வகிப்பது. அவருடைய பெயராலேயே அது வழங்குகிறது. பழைய செய்தி நினைவிலிருக்கும். காலையில் உண்டது மறந்துபோகும். சொன்னதையே சொல்வார், பழகிய ஒழுங்கையிலே வழி தவறுவார், காசுக்கணக்குப் பிழைக்கும். இந்நோயை முற்றாக மாற்றும் மருந்து இன்னும் இல்லை. சிலருக்குச் சிலகாலம் பயன்படும் மருந்துகள் உண்டு. ஆனால் மறதிக்குக் காரணம் தைரொயிட் சுரப்பியின் குறையாகவோ பி12 உயிர்ச்சத்துக் குறைவாகவோ இருக்கவுங்கூடும், அவை சரிப்படுத்தத்தக்கவை. ஆகவே "அறளை" என்று நாமே தீர்ப்புக் கூறாது, குருதிச் சோதனை முதலியன செய்வித்து வைத்தியரே தீர்ப்புக் கூற விடுதல் நன்று.

மறதிநோயுற்றவரோடு வாதிடுதல் பயனற்றது. தம் வீட்டுக்குள்ளேயே இருந்துகொண்டு "என்னை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போ" என்று மன்றாடும் மூதாட்டியரைப் பலர் கண்டிருப்பர். "இதுதானே ஆச்சி உங்கடை வீடு!" என்று அதட்டினால் அவருக்கு அச்சமே மிகும். "அந்த வீட்டிலே என்ன மரம் நின்றது?" என்று கேட்டுப் பாருங்கள். அவர் தேடுவது சுவரையன்று. தாம் அஞ்சாதிருந்த காலத்தை. முற்றத்து மாமரத்தைப் பற்றிச் சொல்லத் தொடங்கினால் நெஞ்சு சற்றே ஆறும்.

இந்நோயாளரைப் பராமரிப்பவரையும் ஈண்டு மறத்தலாகாது. அப்பணி பெரும்பாலும் ஒரு மகளின் தலையிலோ மருமகளின் தலையிலோ விழுகின்றது. இரவும் பகலும் அவளே. ஏனையோர் வந்து நலம் விசாரித்துவிட்டுத் தேநீர் அருந்திச் செல்வோர். அவளும் நோயுறுவாள். வாரத்தில் ஒரு நாளாவது வேறொருவர் வந்திருந்து அவளை வெளியே போகவிடுதல், நூறு முறை "பாவம், நீ படுகிற பாடு!" என்று சொல்வதினும் மேலானது.

செவியும் கண்ணும்

மனத்தைப் பற்றிப் பேசும்போது செவியைப் பற்றி ஏன் பேச வேண்டும் என்று வாசகர் வினவலாம். காது மந்தமானவருக்கு வீட்டில் நடக்கும் உரையாடல் பாதி கேட்கும், பாதி கேளாது. எல்லாரும் சிரிக்கும்போது தாம் மட்டும் விழித்துக்கொண்டிருப்பார். இரண்டு முறை "என்ன?" என்று கேட்பார், மூன்றாம் முறை பிள்ளைகள் எரிந்து விழுந்தால் பிறகு கேட்பதையே விட்டுவிடுவார். நாளடைவில், மெல்லப் பேசுவதெல்லாம் தம்மைப் பற்றியே என்ற ஐயமும் வளரும். மருமகளோடு மூளும் சச்சரவு பலவற்றின் வேர் இங்கேயுள்ளது.

மறதிநோயைப் பற்றி 'லான்செட்' என்னும் மருத்துவ சஞ்சிகை அமைத்த அறிஞர் குழு 2024ஆம் ஆண்டில் வெளியிட்ட அறிக்கையிலே, தவிர்க்கவோ திருத்தவோ கூடிய 14 காரணங்களைக் குறித்துள்ளது. செவிக்குறை, சரிசெய்யப்படாத கண்பார்வைக்குறை, மனச்சோர்வு, தனிமை, உயர் குருதியமுக்கம், நீரிழிவு, புகைத்தல், உடலுழைப்பின்மை என்பன அவற்றுட் சில. இக்காரணங்களையெல்லாம் வாழ்நாள் முழுவதும் கவனித்தால் மறதிநோயில் 100க்கு ஏறத்தாழ 45 பங்கைத் தடுக்கவோ தாமதிக்கவோ இயலும் என்பது அக்குழுவின் மதிப்பீடு. எனவே காதைச் சோதித்தலும் கண்ணின் புரையை நீக்குதலும் மூளைக்கும் உள்ளத்துக்கும் செய்யும் தொண்டேயாம். செவிப்புலன் குறைந்தவரிடம் கத்திப் பேசுவதைக் காட்டிலும், முகத்துக்கு எதிரே நின்று, நிறுத்தி, தெளிவாகப் பேசுதல் பயன்தரும்.

வேலை பிடுங்கும் அன்பு

நம் இல்லங்களில் முதியோரை வருத்துவது வெறுப்பு மட்டுமன்று. ஒருவகை அன்பும் அவர்களை வருத்துகின்றது. "அப்பு, நீங்கள் சும்மா இருங்கோ." "ஆச்சி, உங்களுக்கு ஏன் இந்தக் கரைச்சல்?" என்று சொல்லி மண்வெட்டியை வாங்கி வைக்கிறோம், அரிவாளை வாங்கி வைக்கிறோம், காசுப்பெட்டியின் திறப்பையும் வாங்கி வைக்கிறோம். ஐம்பது ஆண்டு தோட்டம் செய்த கையும், ஐம்பது ஆண்டு பலருக்குச் சோறிட்ட கையும் திடீரென மடியிலே கிடக்கின்றன. ஓய்வென்று நாம் கருதுவது அவருக்குத் "தேவையில்லை" என்ற அறிவிப்பாகக் கேட்கின்றது. கீரை ஆய்தல், பேரனுக்குக் கணக்குப் பார்த்தல், வாழைக்கு நீர் விடுதல், கடைக்காரனிடம் விலை பேசுதல் ஆகியவை போன்ற ஏதேனும் ஒன்றை, பிழையானாலும் மெதுவானாலும், அவருடையதாகவே விட்டுவைத்தல் வேண்டும்.

உத்தியோகத்திலிருந்து ஓய்வுபெற்ற ஆடவருக்கு இத்துன்பம் ஒரே நாளில் வருகின்றது. நேற்றுவரை "சேர்" என்று அழைக்கப்பட்டவர் இன்று காலை எங்கே போவதென்று அறியாது விறாந்தையில் உலாவுகிறார். பெண்களுக்கு அது கணவனை இழக்கும் நாளில் வருகின்றது. நம் சமூகம் இங்கே செய்யும் கொடுமை ஒன்றை வெளிப்படையாகச் சொல்வோம். தாயில்லாப் பேர்த்தியைத் தோளிலும் மடியிலும் வளர்த்த ஆச்சி, அப்பேர்த்தியின் திருமணத்தன்று மணவறைக்கு அருகே வரத் தயங்கிச் சமையற்கட்டின் வாயிலில் நிற்கிறார். ஒருவரும் அவரைப் போகச் சொல்லவில்லை. ஒருவரும் வாருங்கள் என்றும் அழைக்கவில்லை. இவ்வாறு ஒவ்வொரு நல்ல நாளிலும் பின்னே நிறுத்தப்படுபவரின் உள்ளம் சோர்ந்தால், அதற்கு மாத்திரை மட்டும் எழுதிக்கொடுத்து என்ன பயன்? அழைக்க வேண்டிய கடமை மணமகளுடையது. கையைப் பிடித்து முன்னே அழைத்து வந்தால் தடுப்பவர் எவர்?

துணையை இழந்தவர் அழுவது நோயன்று. அழ விடுதல் வேண்டும். ஆயின் மாதங்கள் பல கடந்தும் உண்ணாமலும் உறங்காமலும் எவரையும் காண விரும்பாமலும் இருப்பாராயின், துக்கம் நோயாக மாறிவிட்டதென உணர்ந்து உதவி தேட வேண்டும்.

மருந்தும் சொல்லும்

முதுமையில் வரும் மனச்சோர்வு குணமாகுமா? பெரும்பாலோருக்குக் குணமாகும். அதற்கென உள்ள மாத்திரைகள் வேலை செய்யச் சில வாரங்கள் எடுக்கும். பத்து நாளில் பயன் காணவில்லையென்று நிறுத்திவிடலாகாது. வைத்தியரைக் கேளாது திடீரென விடுவதும் தவறு. அயலவருக்குக் கொடுத்த தூக்கமாத்திரையை வாங்கிக் கொடுப்பது அதனினும் தவறு. அவை முதியவரைத் தடுமாறி விழச்செய்யும், சித்தத்தையும் மயக்கும்.

மாத்திரைக்கு நிகராகச் சொல்லும் மருந்தாகும் என்பதற்கு நல்ல சான்றுகள் உண்டு. இந்தியாவின் கோவாவிலே 60 வயதைக் கடந்து, மனச்சோர்வின் ஆரம்பக் குறிகளைக் கொண்டிருந்த 181 பேரிடம் செய்யப்பட்ட ஆய்வொன்று 2019ஆம் ஆண்டில் வெளியாயிற்று. அவர்களுள் ஒரு பாதியினரை, வைத்தியரல்லாத, பயிற்சிபெற்ற சாதாரண மனிதர் சென்று சந்தித்தனர். செய்தவை பெரிய வித்தைகளல்ல. எதிர்ப்பட்ட பிரச்சினையை ஒவ்வொன்றாகத் தீர்க்கும் வழி, உறக்கத்தை ஒழுங்குபடுத்தும் வழி, நீரிழிவு முதலியவற்றைக் கவனிக்கும் வழி என்பவற்றைச் சொல்லிக்கொடுத்து, கிடைக்கவேண்டிய உதவிகளையும் பெற்றுக்கொடுத்தனர். ஓராண்டின் பின் பார்த்தபோது, அவ்வுதவி பெற்றோரில் 100க்கு 4 பேரளவிலேயே முழு மனச்சோர்வு நோய் தோன்றியிருந்தது. பெறாதோரில் அது 14 பேரளவு. வந்தபின் மாற்றுவதேயன்றி, வருமுன் தடுக்கவும் இயலும் என்பதை இது காட்டுகின்றது.

மற்றொரு சான்று ஆபிரிக்காவிலிருந்து வருவது. சிம்பாப்வே நாட்டில் உளமருத்துவர் மிகச் சிலர். அவர்களுள் ஒருவரான டிக்சன் சிபண்டா, 2006ஆம் ஆண்டில் தலைநகர் ஹராரேயின் ம்பாரே என்னும் பகுதியில் 14 பாட்டிமாரைப் பயிற்றி, சிகிச்சை நிலையத்துக்கு வெளியே மரவாங்குகளில் இருத்தினார். துன்பமுற்றோர் வந்து வாங்கிலே பாட்டியின் பக்கத்தில் அமர்ந்து தம் குறையைச் சொல்வர். அந்நாட்டவர் தம் மொழியில் மனத்துயரை "குஃபுங்கிசிசா" என்கின்றனர். மிகையாக யோசித்தல் என்பது பொருள். "அவவுக்கு யோசனை கூடிப்போச்சு" என்று நம் ஊரில் சொல்வதை இஃது ஒத்திருப்பதைக் காண்க! 2016ஆம் ஆண்டில் வெளியான ஆய்வு, வழக்கமான சிகிச்சை மட்டும் பெற்றோரைவிட வாங்கில் அமர்ந்து பேசியோருக்கு நோய்க்குறிகள் குறைந்தன என்று நிறுவியது. இதிலே நமக்கொரு பாடமுண்டு. முதியவர் ஆறுதலைப் பெறுபவர் மட்டுமல்லர். ஆறுதலைத் தரவும் வல்லவர். பிறருக்குத் தம் சொல் பயன்படுகின்றது என்று காணும் உள்ளம் எளிதிற் சோர்வதில்லை.

பழங்கதை வீண்கதையா?

முதியவர் பழங்கதை பேசுவதை அறிவு மங்குவதன் அடையாளமாகவே முன்னர் கருதினர். அமெரிக்க உளமருத்துவரான றொபேட் பட்லர் 1963ஆம் ஆண்டில் இக்கருத்தை மறுத்தெழுதினார். வாழ்வின் அந்தியில் மனிதன் தன் வாழ்வைத் திரும்பிப் பார்த்துக் கணக்குத் தீர்க்கிறான். அஃது இயல்பானது, வேண்டப்படுவதும்கூட என்றார் அவர். அக்கணக்கைத் தனியே இருட்டில் பார்ப்பவருக்கு நட்டமே தெரியும். ஒருவர் அருகிருந்து கேட்டால் வரவும் தெரியும்.

மாணவச் செல்வர்களுக்கு இங்கே ஒன்று சொல்வோம். எமது வகுப்பிலே "எங்கள் வீட்டில் மூத்தவர்" என்ற பொருளில் கட்டுரை எழுதச் சொன்னோம். பெரும்பாலோர் அம்மூத்தவர் முன்பு என்னவாக இருந்தார் என்பதை நாலு வரியில் எழுதி, "இப்போது ஓய்வெடுக்கிறார்" என்று முடித்திருந்தனர். ஒரு மாணவன், "அப்பப்பா சாய்மனைக் கதிரையில் இருப்பார். அவருக்குச் செய்ய ஒன்றுமில்லை" என்று எழுதியிருந்தான். அவனிடம் கட்டுரையைத் திருப்பிக் கொடுத்து, அப்பப்பாவிடம் மூன்று கேள்விகள் கேட்டு எழுதி வருமாறு சொன்னோம். இரண்டு வாரத்தின் பின் எட்டுப் பக்கங்கள் வந்தன. 1964 டிசம்பரில் வடபகுதியைத் தாக்கிய புயலில் கூரை பறந்த இரவு, மாட்டை அவிழ்த்துவிட ஓடியது, மறுநாள் ஊரே சேர்ந்து ஒருவர் வீட்டை ஒருவர் வேய்ந்தது எல்லாம் அதில் இருந்தன. இறுதியில் ஒரு வரி: "இப்போது அப்பப்பா நேற்று விட்ட இடத்திலிருந்து தொடங்க நான் பள்ளிக்கூடத்தால் வரும்வரை பார்த்துக்கொண்டிருக்கிறார்." பார்த்துக்கொண்டிருக்க ஒன்று கிடைத்தது, அம்மட்டிலே அது மருந்து.

கடல் கடந்திருக்கும் பிள்ளைகளும் இதனைக் கைக்கொள்ளலாம். அவர்கள் தொலைபேசியிலே, "சாப்பிட்டீங்களா? மருந்து குடிச்சீங்களா?" என்று கேட்கின்றனர். அன்பான கேள்விகளே. எனினும் அவை நோயாளியைக் கேட்கும் கேள்விகள். "அம்மா, ஒடியற் கூழுக்கு எதை முதலில் போடுவது?" "அப்பா, அந்தக் காணி வழக்கு எப்படி முடிந்தது?" என்று, அவரே விடை சொல்லக்கூடிய ஒன்றைக் கேளுங்கள். நாளும் நேரமும் குறித்துப் பேசுங்கள். வாரம் முழுவதும் அந்நேரத்தை நோக்கியே அவர்கள் இருப்பர்.

அலட்சியம் செய்யத்தகாத சொற்கள்

"கடவுள் என்னை இன்னும் கூப்பிடவில்லையே" என்று முதியவர் சொல்வது நம் நாட்டில் வழமை. அதனாலேயே உண்மையான அபாயக்குறி காதில் விழாது போய்விடுகின்றது. மருந்தை வேண்டுமென்றே விடுதல், உணவை மறுத்தல், நகைகளையும் பொருள்களையும் திடீரெனப் பங்கிடுதல், ஒவ்வொருவரிடமும் விடைபெறுவதுபோற் பேசுதல் என்பன அச்சொற்களோடு சேருமானால் ஒரு நாளும் தாமதிக்கலாகாது. "சாகவேண்டும் என்று நினைக்கிறீர்களா?" என்று அன்போடு நேரே கேட்கலாம். கேட்பதால் அவ்வெண்ணம் உண்டாவதில்லை; சொல்ல இயலாத சுமை இறங்குகின்றது. வீட்டிலுள்ள கிருமிநாசினியையும் மிகுதியான மாத்திரைகளையும் கைக்கெட்டாது வைத்து, அவரைத் தனியே விடாதிருத்தல் வேண்டும். தேசிய மனநல நிறுவனத்தின் 1926 என்ற தொலைபேசி இலக்கத்தை எந்நேரமும் அழைக்கலாம். அரச வைத்தியசாலைகளின் உளநலப் பிரிவுகளிலே சிகிச்சைக்குக் கட்டணமில்லை.

"உளநலப் பிரிவுக்குப் போனால் ஊர் என்ன சொல்லும்?" என்று அஞ்சுவோர் இன்னும் உளர். ஊர் இரண்டு நாள் பேசும். நோயுற்ற முதியவரோ பேசாது பல ஆண்டுகள் கிடப்பார். எது பெரிதென்று குடும்பத்தார் தம் நெஞ்சையே கேட்டுக்கொள்ளட்டும்.

காவோலை விழக் குருத்தோலை சிரிக்கும் என்பது நம் பனைநாட்டுப் பழமொழி. இன்றைய குருத்தும் நாளைய காவோலை என்று அதற்குப் பொருள் கூறி எச்சரிப்பது வழக்கம். நாம் அச்சத்தை ஊட்ட விரும்பவில்லை. காவோலை தானும் வேலிக்கும் அடுப்புக்கும் உதவுவது. எங்கள் பாட்டன்மார் அதனை எறிந்தவரல்லர். இன்று மாலை உங்கள் வீட்டு மூத்தவர் அருகே ஒரு கதிரையை இழுத்துப் போட்டு அமருங்கள். அவர் உறக்கம் எப்படி, உணவு எப்படி, உள்ளம் எப்படி என்று கேளுங்கள். விடை வரச் சற்று நேரமாகலாம், எழுந்துவிடாதீர்கள். அவர் சொல்வதில் ஐயத்துக்கிடமானது ஏதுமிருப்பின், "வயது போனால் அப்படித்தான்" என்று முடிக்காது, நாளைக் காலையிலேயே வைத்தியரிடம் அழைத்துச் செல்லுங்கள்.